சிவாலய ஓட்டத்தில் வலி இடம் மாறும் கதை

சிவாலய ஓட்டம் என்றால் குமரி மாவட்டத்துப் பன்னிரண்டு சிவன் கோயில்களை ஓடியே கும்பிடுவது. மகா சிவராத்திரிக்கு முந்தின நாள் மாலை முதல் கோயிலான முஞ்சிறை திருமலையில் ‘கோபாலா, கோவிந்தா’ என்று கிளம்பினால், பன்னிரண்டாவது கோயிலான திருநட்டாலம் போய்ச் சேர நூறு கி.மீ.க்கு மேல் உண்டு. கால் வலிக்கும் என்று எல்லாருக்கும் தெரியும். ஆளைச் சாய்ப்பது பெரும்பாலும் அது இல்லை.

இரண்டாவது கோயிலான திக்குறிச்சி வரை உடம்புக்கு ஒன்றும் உறைக்காது. அங்கேதான் வேகம் கூடிப்போகும். கோஷம் போட மூச்சு மிஞ்சவில்லையென்றால் குறையுங்கள். அடுத்த கோயிலான திற்பரப்பு வரை நீண்ட தூரம்.

குளித்து ஈரத்துணியோடு கும்பிட்டு அப்படியே ஓடுவது முறை. ஈர வேட்டியும் வியர்வை உப்பும் தொடையிடுக்கை அறுத்துவிடும். தேங்காய் எண்ணெய் சீக்கிரம் வழிந்து போகும், வாசலின்தான் நிற்கும். கிளம்பும் முன்பே பூசி, ஒவ்வொரு குளியலுக்குப் பிறகும் துடைத்துவிட்டு மறுபடி பூச வேண்டும். தோல் உரிந்தபின் பூசிப் பயனில்லை. எரிச்சலுக்குப் பயந்து காலை அகட்டி ஓடுவார்கள். அந்த நடை சில மணி நேரத்தில் முட்டிவலியாக வந்து நிற்கும்.

திருநந்திக்கரை, பொன்மனைப் பக்கம் ரப்பர் தோட்டத்து ஏற்ற இறக்கம். ஏற்றம் மூச்சை வாங்கும். இறக்கம்தான் முன்தொடையைக் கிழிக்கும், பிரேக் போடும் வேலை முழுக்க அதன் தலையில். காலடியைக் குறுக்கி இறங்குங்கள்.

இரவு இரண்டு மணிக்கு மேல் பாரம் மண்டைக்கு ஏறும். உடல் சூடு இறங்கும் நேரம், போதாததற்கு ஈரத்துணி. கூட வந்தவனோடு காரணமில்லாமல் சண்டை வரும், ‘எதுக்கு வந்தோம்’ என்று தோன்றும். பாதி பசிதான். 60 கிலோ ஆள் ஒரு கி.மீ. ஓட ஏறக்குறைய 60 கலோரி செலவு. சேமித்த மாவுச்சத்து இரவிலேயே வற்றிவிடும். மணிக்கொருமுறை ஏத்தன் பழமோ (நேந்திரம் பழம்) கருப்பட்டியோ கஞ்சியோ உள்ளே போகணும். கண் சொருகினால் அலாரம் வைத்து 15 நிமிடம் படுங்கள்.

விடிந்ததும் தெம்பு வரும். நம்பாதீர்கள். வெயில் ஏற ஏற, தண்ணீரில் ஊறிய உள்ளங்கால் தார் ரோட்டில் கொப்புளிக்கும். வெறும் தண்ணீரையே குடித்துக்கொண்டிருந்தால் ரத்தத்தில் உப்பு இறங்கும்: விரல் வீங்கும், குமட்டும், தலை வலிக்கும். தாகத்துக்கு மட்டும் குடியுங்கள். உப்புப் போட்ட மோர், கஞ்சி நல்லது. பேச்சு குழறினால் தாமதிக்காமல் ஆஸ்பத்திரி.

சிறுநீர் கட்டன்சாயா (பால் விடாத டீ) நிறத்தில் போனால் தசை சிதைந்து சிறுநீரகத்தைக் கெடுக்கிறதாக இருக்கலாம். எத்தனையாவது கோயிலானாலும் அங்கேயே நிறுத்தி, வலி மாத்திரை போடாமல் ஆஸ்பத்திரிக்குப் போகணும்.