போட்டோவா, வெளியூரா?

"தம்பி, நேராச் சொல்லுங்க. போட்டோவா, வெளியூரா?"

நான் எழுதிய டிவி தொடரில் பெரியப்பாவாக நடித்தவர் போனில் கேட்டார். "வெளியூர்தான் சார்" என்றேன். இத்தனை வருடமாகியும் அந்தப் பதில் என்னை விடவில்லை.

தொடரிலிருந்து ஒருவரை நிறுத்த இரண்டு வழி. போட்டோ என்றால் செத்துவிட்டதாகக் காட்டி, படத்துக்கு மாலை போட்டுச் சுவரில் மாட்டிவிடுவது. அதோடு அந்த வேடம் முடிந்தது. வெளியூர் போனவர் என்றைக்காவது பெட்டியோடு வாசலில் வந்து நிற்கலாம்.

2020 மார்ச் 19-ல் படப்பிடிப்பு நின்றது. மே கடைசியில் 60 பேரோடு எடுக்கலாம் என்று அனுமதி வந்ததும், யாரைக் குறைப்பது என்ற பேச்சு தொடங்கியது. போனில் கேட்டவருக்கு வயது 68. பெரியப்பா வேடம், மாதத்துக்கு நாலைந்து நாள் கால்ஷீட். "அவர் வேண்டாம், ஏதாவது எழுதிடு" என்றார்கள். ஒரே வரிதான் எழுதினேன். "பெரியப்பா காசிக்குப் போன இடத்துல மாட்டிக்கிட்டாரு."

அதே மாதம் மகாராஷ்டிராவில் 65 வயது தாண்டியவர்கள் படப்பிடிப்புக்கு வரக்கூடாது என்று அரசே உத்தரவு போட்டது. 70 வயது நடிகர் ஒருவர் வழக்குப் போட்டார். ஆகஸ்ட் 7-ம் தேதி மும்பை உயர் நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்தது. அங்கே எதிர்த்து நிற்க ஓர் உத்தரவாவது இருந்தது. என் வரியை எதிர்த்து இவர் எங்கே போவார்?

சபா நாடகத்திலிருந்து வந்தவர். பையில் எப்போதும் மூன்று மூக்குக் கண்ணாடிகள் இருக்கும். நீதிபதிக்கு ஒன்று, டாக்டருக்கு ஒன்று, பெண்ணைப் பெற்றவருக்கு ஒன்று. எதிலும் பவர் கிடையாது. ஒரு நாள் வேலைக்குக்கூட மூன்றையும் துடைத்து எடுத்து வருவார்.

அடுத்த வருடம் ஒரு டப்பிங் தியேட்டர் வாசலில் பார்த்தேன். பெரியப்பாவின் தாடி அப்படியே இருந்தது, அதே அளவில், ஓரம் வெட்டி. போலீஸ் அதிகாரி வேடம் ஒன்று வந்ததாம். தாடியை எடுக்கச் சொன்னதால் விட்டுவிட்டாராம். "நீங்க திடீர்னு கூப்பிட்டா கன்டினியூட்டி இடிக்குமே தம்பி" என்றார். முன்பு எடுத்த காட்சியில் தாடி, அடுத்ததில் இல்லை என்றால் ஒட்டாது அல்லவா. எனக்குப் பேச வாய் வரவில்லை.

முடிவு என்னுடையது இல்லை. அதைச் சொல்லிக்கொள்ளலாம், உண்மையும்கூட. ஊரெல்லாம் சாவுச் செய்தியாக இருந்த நேரத்தில், அந்த வயதுக்காரரிடம் "உங்க படத்துக்கு மாலை போடுறோம்" என்று எப்படிச் சொல்வது? நல்லெண்ணத்தில்தான் காசிக்கு அனுப்பினேன். அப்புறம் யோசித்தால், அந்த போன் பேச்சைச் சங்கடமில்லாமல் முடிக்க எனக்கும் காசி வசதியாக இருந்தது. போட்டோ என்றிருந்தால் மறுநாளே சவரம் செய்துகொண்டு வேறு வேலை தேடியிருப்பார். கிடைத்திருக்குமா? அப்போது யாருக்கு வேலை இருந்தது? ஆனால் அந்த போலீஸ் வேடம் இருந்ததே.

கடைசி வாரக் கல்யாணக் காட்சியில் பெரியப்பா காசியிலிருந்து வருவதாக எழுதினேன். பட்ஜெட் இல்லை என்று அவர் வரும் அந்தக் காட்சியை வெட்டிவிட்டார்கள். தொடர் முடிந்ததை அவருக்கு யார் சொன்னார்களோ, நான் போன் செய்யவில்லை.