கணக்கைக் காட்டும் முதலாளி

மலேசியாவின் பேராக் மாநிலத்தில் உள்ள சுங்கை சிப்புட்டில் சிறு நிறுவனங்களுக்குக் கணக்கு எழுதிக் கொடுப்பது என் தொழில். லோரி வைத்திருப்பவர்கள், தோட்டங்களுக்கு ஆள் அனுப்பும் குத்தகையாளர்கள், செம்பனைக் குலை வாங்கி எண்ணெய் ஆலைக்கு அனுப்பும் வியாபாரிகள், சில மளிகைக் கடைக்காரர்கள் என்று என்னிடம் வருபவர்களில் பெரும்பாலோர் தோட்டத்தில் பிறந்து, லயத்து வீட்டில் வளர்ந்து, சொந்த உழைப்பால் முதலாளி ஆனவர்கள். இவர்களைப் பற்றி ஊரில் யாரிடம் விசாரித்தாலும் நல்ல மனிதர் என்ற பதில்தான் வரும். கோயில் திருவிழாவுக்கு அவர் கொடுத்த நன்கொடையும் தமிழ்ப்பள்ளிக்கு வாங்கிக் கொடுத்த நாற்காலிகளும் அதற்கு ஆதாரமாகச் சொல்லப்படும். அந்த நன்கொடைகளை நான் குறைத்துப் பேசவில்லை; அவை இல்லாமல் எங்கள் ஊர்ப் பள்ளிகள் பல பாடுபட்டுப் போயிருக்கும். ஆயினும் ஒரு தொழில் தலைவரின் நேர்மையை அளப்பதற்கு அது ஏற்ற இடமில்லை என்பது பேரேடுகளோடு காலம் கழிக்கும் எனக்கு உறுதியாகத் தெரிந்திருக்கிறது. தம்மைக் கேள்வி கேட்க வலுவில்லாதவரிடம் அவர் எப்படிக் கணக்குக் காட்டுகிறார் என்று பார்த்தால்தான் ஆள் யார் என்பது விளங்கும்.

ஊழியர் சேமநிதியை எடுத்துக்கொள்வோம். குறைந்தபட்சச் சம்பளமாகிய 1,700 ரிங்கிட் வாங்கும் ஓர் உள்நாட்டுத் தொழிலாளியின் சம்பளத்தில் 11 விழுக்காடு, அதாவது 187 ரிங்கிட், பிடிக்கப்படுகிறது. முதலாளி தம் பங்காக 13 விழுக்காடு, 221 ரிங்கிட், சேர்த்து, மொத்தம் 408 ரிங்கிட்டை அடுத்த மாதம் 15 ஆம் தேதிக்குள் கட்ட வேண்டும். எனக்குத் தெரிந்த ஒரு குத்தகையாளர் சம்பளச் சீட்டில் பிடித்தம் என்று அச்சிட்டுக்கொண்டே, பணத்தைக் கட்டாமல் லோரித் தவணைக்கும் டயருக்கும் செலவழித்து வந்தார். அதே ஆண்டு தைப்பூசத்தில் அவருடைய பெயரில் அன்னதானப் பந்தல் நின்றது. நான் கேட்டபோது, "தம்பி, ஆலைக்காரன் பில் கொடுத்ததும் கட்டிவிடுவேன், என் பணம் எங்கே ஓடிப் போகிறது?" என்றார். அவர் பொய் சொல்வதாக எனக்குத் தோன்றவில்லை. உண்மையிலேயே அதைத் தம் பணம் என்றுதான் நினைத்திருந்தார். அந்த 187 ரிங்கிட் ஏற்கெனவே உழைத்துச் சம்பாதிக்கப்பட்ட கூலி, அவர் கையில் அது வெறும் ஒப்படைப்பு என்பதை ஒரு தலைவர் உணராதபோது, அவர் எத்தனை இரக்கம் உடையவராக இருந்தும் பயனில்லை. பிடித்ததைக் கட்டாமல் விடுவதற்கு 1991 ஆம் ஆண்டு ஊழியர் சேமநிதிச் சட்டம் ஆறாண்டு வரை சிறையும் 20,000 ரிங்கிட் வரை அபராதமும் வைத்திருக்கிறது. நிறுவனத்தின் பாக்கிக்கு இயக்குநர்களும் தனிப்பட்ட முறையில் பொறுப்பாவார்கள். சட்டத்தைச் சொன்ன பிறகுதான் அவர் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார் என்பது எனக்கு வருத்தம் தந்தது.

எங்கள் வட்டாரத்தில் ரப்பர் போய்ச் செம்பனை வந்து வெகுகாலம் ஆகிவிட்டது. ஐந்து ஏக்கர், பத்து ஏக்கர் வைத்திருக்கும் சிறுதோட்டக்காரர் தம் குலைகளை நேரே ஆலைக்குக் கொண்டுபோவது அரிது. இடையில் உள்ள வியாபாரியின் நிறுவை மேடைக்குத்தான் கொண்டுவருவார். லோரி பாரத்தோடு ஒரு முறையும், குலைகளைக் கொட்டிய பின் வெறுமையாக ஒரு முறையும் மேடையில் ஏறும். இரண்டுக்கும் உள்ள வித்தியாசமே குலையின் எடை. அந்த எடையிலிருந்து காய்க்குலைக்கு இவ்வளவு, நீளக் காம்புக்கு இவ்வளவு என்று கழிவு போடப்படும். அதன்பின் விலை வருகிறது. குலையிலிருந்து கிடைக்கும் எண்ணெயின் ஒவ்வொரு விழுக்காட்டுக்கும் இன்ன விலை என்று மலேசியச் செம்பனை எண்ணெய் வாரியம் அறிவிப்பதைக் குலையின் எண்ணெய் விழுக்காட்டால் பெருக்கினால் ஒரு டன்னின் விலை கிடைக்கும். ஒரு விழுக்காட்டுக்கு 40 ரிங்கிட் என்று வைத்துக்கொண்டால், 19 விழுக்காடு என்று எழுதினால் டன்னுக்கு 760 ரிங்கிட், 18 என்று எழுதினால் 720 ரிங்கிட். எழுதுகோல் ஓர் இலக்கத்தை மாற்றினால் நாற்பது ரிங்கிட் இடம் மாறிவிடுகிறது. எடையிலோ கழிவிலோ விழுக்காட்டிலோ கை வைத்தாலும், குலை கொண்டுவந்த மனிதர் அதைக் கண்டுபிடிக்க வழியே இல்லை. 1972 ஆம் ஆண்டு எடை அளவைச் சட்டத்தின்படி நிறுவைக் கருவி சோதிக்கப்பட்டு முத்திரை ஒட்டப்பட்டிருக்க வேண்டும் என்பது உண்மைதான். ஆனால் முத்திரை கருவிக்குத்தான் உண்டு, கருவி காட்டியதைத் தாளில் எழுதும் கைக்கு இல்லை.

என்னிடம் கணக்குக் கொடுக்கும் ஒரு வியாபாரி, தந்தையிடமிருந்து தொழிலை எடுத்துக்கொண்ட உடனே, அலுவலகத்துக்குள் இருந்த எடைத் திரையின் இணைப்பை வெளியே இழுத்து, லோரி ஓட்டுநர் இருக்கையிலிருந்தே பார்க்கும்படி இன்னொரு திரையை மாட்டினார். கழிவுக்கு உரிய குலைகளை உடனே மற்றக் குலைகளோடு கலந்துவிடாமல், விற்பவர் வந்து பார்த்து ஒப்புக்கொள்ளும்வரை தனியே குவித்து வைக்கச் சொன்னார். ஒப்பவில்லை என்றால் அவற்றைத் திருப்பி எடுத்துக்கொண்டு போகலாம். அன்றைய விழுக்காடு எத்தனை, ஆலை தமக்குக் கொடுத்தது எத்தனை என்ற இரண்டையும் வெள்ளைப் பலகையில் எழுதினார். அருகிலுள்ள வியாபாரிகளுக்கு இது பிடிக்கவில்லை. அவருடைய அப்பாவுக்கே பிடிக்கவில்லை. தம் இலாபம் எவ்வளவு என்று எவரும் கூட்டிக் கழித்துப் பார்த்துவிடலாம் என்பதுதான் அவர்களுடைய அச்சம். ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டேன். தம் தாத்தா ரப்பர்த் தோட்டத்தில் பால்வெட்டுத் தொழிலாளியாக இருந்தவர் என்றும், வாளியைப் பால் கொட்டகையில் நீட்டிய பிறகு தோட்டத்து எழுத்தரான கிராணி, பாலில் ரப்பர் எவ்வளவு என்று அளக்கும் மெட்ரோலாக் குழாயை அதில் மிதக்கவிட்டு எந்தக் கோட்டைப் படித்தார், புத்தகத்தில் எந்த எண்ணை எழுதினார் என்பதை எட்டிப் பார்க்க அவருக்கு ஒருநாளும் துணிவு வந்ததில்லை என்றும் சொன்னார். அந்தப் பேரன் இன்று எழுதுகோல் பிடிக்கும் பக்கத்தில் நிற்கிறார். தாத்தாவுக்குக் கிடைக்காத உரிமையைத் தம்மிடம் வருகிறவருக்குக் கொடுப்பதைவிடத் தலைமைப் பண்பு என்று வேறு எதைச் சொல்வது என எனக்குத் தெரியவில்லை.

இதே நினைவு எங்கள் ஆள்குத்தகையாளர்களுக்கும் இருக்க வேண்டும் என்று நான் மிகவும் விரும்புகிறேன். நம் முன்னோரில் பலர், தோட்டத்துக்கு ஆள் திரட்டிய கங்காணி கொடுத்த முன்பணக் கடனோடு கப்பல் ஏறியவர்கள். பெரட்டுக்கு, அதாவது காலை ஆள்கணக்குக்கு, வந்த தலை ஒவ்வொன்றுக்கும் கங்காணிக்குத் தலைக்காசு கிடைத்தது. 1938 இல் இந்திய அரசு தோட்ட வேலைக்கு ஆள் அனுப்புவதைத் தடை செய்தபோதுதான் அந்த முறைக்கு முடிவு வந்தது. இன்று வெளிக்காட்டில் குலை வெட்டுகிறவர்கள் பெரும்பாலும் இந்தோனேசியா, வங்காளதேசம், நேப்பாளம் போன்ற நாடுகளிலிருந்து வந்தவர்கள். அவர்களைக் கொண்டுவந்து வேலைக்கு விடுகிறவர்களில் நம்மவர்களும் உண்டு. ஊரில் நிலத்தை அடகு வைத்து ஏஜெண்டுக்குக் கொடுத்த பணத்தை அடைக்கவே அவர்களில் பலருக்கு முதல் ஆண்டுகள் போய்விடுகின்றன. அவர்களுடைய கடப்பிதழ் (பாஸ்போர்ட்) முதலாளியின் மேசை இழுப்பறையில் கிடக்கிறது. காணாமல் போகாமல் பத்திரமாக இருக்கட்டும் என்றுதான் வாங்கி வைத்தேன் என்பார்கள். பத்திரமாக வைப்பதற்கும் போகவிடாமல் வைப்பதற்கும் உள்ள வேற்றுமை அந்தத் தொழிலாளி கேட்டவுடன் அது கைக்கு வருகிறதா என்பதில் இருக்கிறது. அதோடு, பிறருடைய கடப்பிதழை உரிய அதிகாரமின்றி வைத்திருப்பது 1966 ஆம் ஆண்டு கடப்பிதழ்ச் சட்டப்படி குற்றம்.

2020 ஆம் ஆண்டு செப்டம்பரில் மலேசியப் பெருந்தோட்ட நிறுவனமான எஃப்ஜிவியின் செம்பனை எண்ணெய்க்கும், டிசம்பரில் இன்னொரு பெருந்தோட்ட நிறுவனமான சைம் டார்பி பிளாண்டேஷனின் செம்பனை எண்ணெய்க்கும் அமெரிக்கச் சுங்கத்துறை தடை விதித்தது. கட்டாய உழைப்புக்கு அடையாளங்கள் என்று பன்னாட்டுத் தொழிலாளர் நிறுவனம் வகுத்திருக்கும் பதினொன்றை வைத்தே அந்தத் துறை நிலைமையை மதிப்பிட்டது. ஆவணங்களைப் பிடித்து வைத்தலும் கடனால் கட்டிப்போடுதலும் கூலியை நிறுத்தி வைத்தலும் அவற்றில் அடங்கும். சைம் டார்பி பிளாண்டேஷன் தன் தொழிலாளர்கள் வேலைக்கு வருவதற்காகச் செலுத்தியிருந்த கட்டணத்தைத் திருப்பிக் கொடுக்க முன்வந்தது. ஏற்கெனவே வேலையை விட்டுச் சென்றவர்களையும் சேர்த்து அந்தத் தொகை சுமார் 8 கோடியே 20 லட்சம் ரிங்கிட் ஆயிற்று. 2023 பிப்ரவரியில் அந்த நிறுவனத்தின் மீதிருந்த தடை நீங்கியது. பெரிய நிறுவனத்தின் இயக்குநர் மன்றம் இவ்வளவு செய்ய வெளிநாட்டுச் சுங்கத்துறை கதவை மூட வேண்டியிருந்தது என்பதை நினைக்கும்போது மனம் கனக்கிறது. அந்தத் தடைகளுக்குப் பிறகு, பெரிய தோட்டங்களுக்கு ஆள் அனுப்பும் சிறு குத்தகையாளர்களிடமும் உறுதிமொழித் தாள்கள் வரத் தொடங்கின. "எங்களிடம் எந்தத் தொழிலாளியின் கடப்பிதழும் இல்லை" என்ற வரிக்குக் கீழே கையெழுத்திடும்போது, அந்தக் கையின் முழங்கை இழுப்பறையைத் தொட்டுக்கொண்டிருப்பதை நான் பார்த்திருக்கிறேன். அப்படிப்பட்ட தாளுக்கு என் அலுவலக முத்திரையை நான் வைப்பதில்லை.

கையூட்டைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அரசு முதலீட்டு நிறுவனமான 1எம்டிபியின் ஊழல் விவகாரத்தைக் காப்பிக்கடைகளில் இவ்வளவு பேசிய பிறகும், குத்தகை கிடைக்க அதிகாரிக்குக் கொடுக்கும் காப்பிக்காசை நம்மவர் பலர் தொழில் செலவாகவே எண்ணுகிறார்கள். மலேசிய ஊழல் தடுப்பு ஆணையச் சட்டத்தின் 17ஏ பிரிவு 2020 ஜூன் 1 முதல் நடப்பில் இருக்கிறது. நிறுவனத்துக்காக ஊழியரோ தரகரோ கையூட்டுக் கொடுத்தால் நிறுவனமே குற்றவாளி ஆகும். இயக்குநர்களும் தாங்கள் அதற்கு உடந்தையாக இல்லை என்பதை நிரூபிக்க வேண்டும். கையூட்டின் மதிப்பைப்போல் குறைந்தது பத்து மடங்கு அல்லது பத்து லட்சம் ரிங்கிட், இவற்றில் எது கூடுதலோ அது அபராதம். இருபதாண்டு வரை சிறையும் உண்டு. தடுப்பதற்குப் போதிய நடைமுறைகளை வைத்திருந்தோம் என்று காட்டுவதே நிறுவனத்துக்கு இருக்கும் தற்காப்பு. இரண்டு லோரி வைத்திருக்கும் நிறுவனத்துக்கும் இது பொருந்தும் என்பதைப் பலர் அறிந்திருக்கவில்லை.

நம் சமுதாயத்தில் பொதுப் பணத்தைக் கொண்டு நடந்த இரண்டு முயற்சிகளை நான் அடிக்கடி நினைத்துப் பார்ப்பதுண்டு. விடுதலைக்குப் பிறகு வெள்ளைக்காரர்கள் தோட்டங்களை விற்கத் தொடங்கியதும், வாங்கியவர்கள் அவற்றைத் துண்டாடியதும், தொழிலாளர்கள் வேலையும் வீடும் சேர்ந்தே இழந்தார்கள். எங்கள் ஊர்க்காரரும் அன்றைய அமைச்சருமான துன் வீ. தி. சம்பந்தன் 1960 இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கித் தோட்டம் தோட்டமாகச் சென்று பத்துப் பத்து வெள்ளியாகச் சேர்த்தார். கெடாவில் உள்ள புக்கிட் சீடிம் தோட்டம் முதலில் வாங்கப்பட்டது. 1982 இல் மலேசிய இந்தியர் காங்கிரஸ் கட்சி (ம.இ.கா.) முன்னின்று தொடங்கிய மைக்கா ஹோல்டிங்ஸ் என்ற முதலீட்டு நிறுவனம் ஏறத்தாழ 66,000 பேரிடமிருந்து சுமார் 10 கோடியே 60 லட்சம் ரிங்கிட் திரட்டியது. நகையை அடகு வைத்துப் பங்கு வாங்கிய குடும்பங்கள் எங்கள் ஊரிலும் உண்டு. ஏறக்குறைய முப்பது ஆண்டுகள் காத்திருந்தவர்களுக்கு 2010 இல் ஒரு வெள்ளிப் பங்குக்கு 80 சென் தருவதாக ஒரு நிறுவனம் முன்வந்தது. முதலீட்டில் நட்டம் வருவது குற்றமில்லை. எந்தத் தொழிலிலும் அது நேரும். என் போன்றவர்களை வாட்டியது, பணம் எங்கே, எப்படிப் போயிற்று என்று பால்வெட்டுத் தொழிலாளி ஒருவர் புரிந்துகொள்ளும் மொழியில், கேட்ட காலத்தில், விளக்கம் கிடைக்காமல் போனதுதான். அதன் பிறகு நம்மவர் எவரேனும் கூட்டுத்தொழில் என்று வாயெடுத்தாலே பெரியவர்கள் எழுந்து போய்விடுகிறார்கள். இளம் தொழில்முனைவோர் நல்ல திட்டங்களோடு வந்து வெறுங்கையோடு திரும்புவதை நான் பார்க்கிறேன். ஒரு தலைமுறை காட்டத் தவறிய கணக்குக்கு அடுத்த தலைமுறை இப்படி விலை கொடுத்துக்கொண்டிருக்கிறது.

சேமநிதியைக் கட்டாமல் வைத்திருந்த அந்தக் குத்தகையாளர், நிலுவை முழுவதையும் தாமதக் கட்டணத்தோடும் இலாப ஈவோடும் கட்டி முடித்துவிட்டார். அதற்காக ஒரு லோரியை விற்றார். இப்போது கட்டிய விவரத்தை ஒவ்வொரு மாதமும் தொழிலாளர்களின் சம்பளச் சீட்டோடு இணைத்துக் கொடுக்கிறார். உள்ளூர்த் தொழிலாளர்கள் அதைத் தங்கள் கைப்பேசியில் சேமநிதிக் கணக்கோடு ஒப்பிட்டுப் பார்த்துக்கொள்கிறார்கள். கடப்பிதழ்களையும் திருப்பிக் கொடுத்துவிட்டு, தொழிலாளர் விடுதியில் ஆளுக்கொரு பூட்டுப்பெட்டி வைத்து, சாவியை அவரவரிடமே தந்துவிட்டார். ஏஜெண்டுக்கு அவர்கள் கட்டிய பணத்தைத் தவணை முறையில் திருப்பித் தருவது குறித்து இப்போது பட்டியல் எடுத்து வருகிறோம். பலரிடம் ரசீது கிடையாது. ஏஜெண்டு கொடுக்கவே இல்லை. ரசீது இருப்பவருக்கு மட்டும் தரலாம் என்கிறார் அவர். ரசீது கொடுக்காதது தொழிலாளியின் பிழையில்லை, ஒரே ஊரிலிருந்து ஒரே ஏஜெண்டு வழியாக வந்தவர்கள் சொல்லும் தொகை ஒத்துப்போனால் அதையே கணக்காக ஏற்க வேண்டும் என்று நான் வற்புறுத்துகிறேன். "யோசிக்கிறேன், தம்பி" என்று சொல்லிப் பட்டியலை எடுத்துப் போயிருக்கிறார். சம்பள நாளுக்கு முன் முடிவு சொல்ல வேண்டும் என்று கேட்டிருக்கிறேன்.