ஷோஸ்ட்ரோம் படங்களோடு ஒரு வாரம்

ஜூலை 6, ஞாயிறு

விக்டர் ஷோஸ்ட்ரோமை எனக்கு இதுவரை ஸ்வீடன் இயக்குநர் பெர்க்மன் படத்தில் வரும் கிழவராகத்தான் தெரியும். ஸ்வீடன் மௌனப்படங்களில் பெரிய இயக்குநர் அவர் என்று படித்ததோடு சரி. இன்று 1913-ல் வந்த 'இங்கெபோர்க் ஹோல்ம்' போட்டேன்.

கணவன் காசநோயில் சாகிறான், கடை கடனில் போகிறது, இங்கெபோர்க் ஏழைகள் விடுதியில் ஒதுங்குகிறாள். பிள்ளைகளை ஆளுக்கொரு வீட்டில் வளர்க்கக் கொடுத்துவிடுகிறார்கள். அன்றைய ஸ்வீடனில் இதற்கு ஏலம் உண்டு. வளர்ப்புச் செலவுக்கு யார் குறைவாகக் கேட்கிறார்களோ, பிள்ளை அவர்களுக்கு!

மகன் கிளம்பும் காட்சியில் கேமரா அசையவே இல்லை, குளோசப்பும் கிடையாது. அவன் திரும்பிப் பார்ப்பான் என்று தெரிந்து அம்மா கதவோரம் ஒளிந்துகொள்கிறாள். அவன் கண்ணில் படவில்லை, நம் கண்ணில் படுகிறாள். எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது.

படம் வந்ததும் ஏழைகள் நலச் சட்டம் பற்றிப் பெரிய வாக்குவாதம் கிளம்பியது. 1918-ல் புதுச் சட்டம் வந்து ஏலத்தை ஒழித்தது. ஒரு படத்தாலேயே சட்டம் மாறியது என்று சொன்னால் மிகை. ஆனாலும் அதற்கு முன் மேடை நடிகராக இருந்த ஷோஸ்ட்ரோம், சினிமாவுக்கு வந்த மறு வருடமே இதை எடுத்திருக்கிறார்.

ஜூலை 8, செவ்வாய்

'டெர்யே விகென்', 1917. நார்வே எழுத்தாளர் இப்சனின் கவிதைதான் கதை. ஷோஸ்ட்ரோமே நாயகன், கடல்தான் வில்லன். பாதியில் தூங்கிவிட்டேன், படத்தின் மேல் தப்பில்லை.

ஜூலை 10, வியாழன்

'தி ஃபேன்டம் கேரிஜ்' (பேய் வண்டி). ஸ்வீடனில் 1921 புத்தாண்டு அன்று வெளியானது. வருடத்தின் கடைசி நொடியில் சாகிறவன் அடுத்த ஒரு வருடம் எமனின் வண்டியை ஓட்ட வேண்டும் என்பது கதை. செல்மா லாகர்லெவ் எழுதிய நாவல். திரைக்கதையை எழுதி முடித்து, அவர் வீட்டுக்கே போய் இரண்டு மணி நேரம் வாசித்துக் காட்டினாராம் ஷோஸ்ட்ரோம். முடிந்ததும் லாகர்லெவ் சாப்பிடக் கூப்பிட்டார். ஒரு எழுத்தாளரிடம் இதைவிட என்ன பாராட்டு வேண்டும்?

வண்டி கடல்மேல் ஓடும் இடத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். அலையும் தெரிகிறது, அதன் வழியே குதிரையும் தெரிகிறது. கேமராமேன் யூலியுஸ் யேன்சன் ஒரே ஃபிலிமைப் பின்னால் சுற்றி, அதன்மேலேயே மறுபடி எடுத்திருக்கிறார். சில இடங்களில் நாலு அடுக்கு வரை. அதுவும் கையால் சுழற்றும் கேமரா. ஒவ்வொரு முறையும் அதே வேகத்தில் சுழற்றாவிட்டால் உழைப்பு மொத்தமும் குப்பைக்கு.

ஆனால் எனக்குப் பேயைவிடப் பயமாக இருந்தது குடிகார டேவிட் ஹோல்ம், கோடரியால் கதவை உடைத்துக்கொண்டு மனைவியிடம் வருவதுதான். அந்த டேவிட்டும் ஷோஸ்ட்ரோமே.

ஜூலை 12, சனி

1923-ல் ஹாலிவுட் போனார். அங்கே பெயர் சீஸ்ட்ரோம். லிலியன் கிஷ் நடித்த 'தி விண்ட்' (1928) அங்கே எடுத்ததில் உச்சம். மொஹாவி பாலைவனத்தில் விமான புரொப்பெல்லர்களை வரிசையாக நிறுத்தி மணலை வாரி அடித்திருக்கிறார்கள். தற்காப்புக்காகத் தான் சுட்டுக் கொன்ற ஆளை நாயகி மணலில் புதைக்கிறாள். ஜன்னல் வழியாகப் பார்த்தால், காற்று கொஞ்சம் கொஞ்சமாக மணலை ஊதிப் பிணத்தை வெளியே கொண்டுவருகிறது. மௌனப்படம்தான், ஆனால் அந்தக் காற்றின் சத்தம் காதில் கேட்டது என்று சத்தியமே செய்வேன்.

முடிவுதான் ஒட்டவில்லை. படத்துக்கு மூலமான நாவலில் அவள் புயலுக்குள் நடந்து போய்விடுகிறாள், படத்தில் கணவனோடு சமாதானமாகி வாசலில் நிற்கிறாள். அவ்வளவு நேரம் மிரட்டிவிட்டு இதென்ன சுபம்? அதற்குள் பேசும்படம் வேறு வந்துவிட்டதால் வசூலும் படுத்துவிட்டது.

ஜூலை 13, ஞாயிறு

ஸ்வீடன் திரும்பியபின் இயக்கியது கொஞ்சம்தான். பெரும்பாலும் நடிப்பு. 1943 முதல் சில வருடம் ஸ்வென்ஸ்க் ஃபிலிம்இண்டஸ்ட்ரி என்ற படத் தயாரிப்பு நிறுவனத்தில் கலை ஆலோசகர். அங்கே இளைஞராக இருந்த பெர்க்மன்தான் பின்னால் 'வைல்ட் ஸ்ட்ராபெரீஸ்' (1957) படத்துக்கு அவரைக் கூப்பிட்டார். சாயங்காலம் ஐந்தேகாலுக்கு வீட்டில் விஸ்கியோடு உட்கார்ந்துவிட வேண்டும் என்பது தாத்தாவின் நிபந்தனையாம். நியாயம்தானே! 1960 ஜனவரியில் காலமானார்.

1912-ல் எடுத்த 'தி கார்டனர்' இன்னும் பாக்கி. ஸ்வீடன் தணிக்கை அப்போதே தடை செய்த படம். தொலைந்தே போனது என்றிருந்ததை, பல பத்தாண்டுகள் கழித்து அமெரிக்க காங்கிரஸ் நூலகத்தில் கண்டெடுத்திருக்கிறார்கள். அடுத்த சனிக்கிழமை அதுதான்.