'வகை' என்னும் கட்டம்

திரைப்பட ஆவணக் காப்பகம் ஒன்றில் பட்டியல் தயாரிக்கும் பணியில் இருந்தபோது, ஒரே ஒரு கட்டத்தை நிரப்ப எனக்கு இரண்டு நாட்கள் பிடித்தன. படம் 1899ஆம் ஆண்டில் ஜப்பானில் எடுக்கப்பட்ட 'துப்பாக்கிக் கொள்ளையன் ஷிமிசு சதகிச்சி'. பிரதி எதுவும் இன்று இல்லை என்பதால் பெட்டி எண், சுருளின் நிலை ஆகியவற்றுக்கு எதிரே கோடு போட்டுவிட்டேன். 'வகை' என்ற இடத்தில்தான் பேனா நின்றது: செய்திப்படமா, கதைப்படமா?

ஷிமிசு கற்பனைப் பாத்திரம் அல்லன். தோக்கியோவில் கைத்துப்பாக்கியுடன் கொள்ளையடித்துவந்த அவனை 1886 டிசம்பரில் ஒகாவா என்ற காவலர் மடக்கிப் பிடித்தார். அப்போது பட்ட காயத்தால் அவர் மறு ஆண்டு இறந்தார். ஷிமிசுவும் அதே 1887இல் மரண தண்டனைக்கு உள்ளானான். பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, ஒளிப்பதிவாளர் ஷிபாத்தா சுனேகிச்சி, ஷின்பா எனப்படும் புதுப்பாணி நாடகத்தின் நடிகர்களைக் கொண்டு அந்தக் கைதை நடிக்கவைத்துப் படமாக்கினார். காவலர் வேடமேற்ற யோகோயாமா உன்பேய், ஜப்பானின் முதல் திரைப்பட நடிகர் என்று இன்றும் குறிப்பிடப்படுகிறார். சிறு துண்டுப் படம்தான். ஆனால் வழக்கு ஊரறிந்தது என்பதால் கொள்ளைகளையும் தேடலையும் காட்டவேண்டிய தேவையே இருந்திருக்காது, பிடிபடும் கணம் ஒன்றே போதுமாக இருந்திருக்கும் என்று நினைக்கிறேன். மிச்சத்தைச் சொல்லத் திரையருகே பென்ஷி எனப்படும் கதைசொல்லி இருந்தார்.

"நடிகர் இருந்தால் கதைப்படம்" என்று மேற்பார்வையாளர் ஒரே வரியில் முடித்துவிட்டார். எனக்கு மனம் ஒப்பவில்லை. அதே ஆண்டு அதே ஷிபாத்தா, ஜப்பானின் மரபு நாடகமான கபுகியில் புகழ்பெற்ற நடிகர் ஒன்பதாம் தஞ்சுரோவின் 'மோமிஜிகாரி' ஆட்டத்தைப் படமாக்கினார். திறந்தவெளியில் வீசிய காற்று அவர் கைவிசிறியைப் பறித்துக்கொண்டு போனது, அதுவும் படத்திலேயே தங்கிவிட்டது. அதிலும் நடிகர்கள்தான் இருக்கிறார்கள். ஆனால் அதை நாங்கள் 'நாடகப் பதிவு' என்று எழுதியிருந்தோம். இதை எடுத்துக்காட்டியபோது, "செய்திக்கும் கதைக்கும் இடைப்பட்ட வகை படிவத்தில் கிடையாது" என்றார். நியாயமான பதில் என்று சொல்லமாட்டேன், ஆனால் படிவம் அப்படித்தான் இருந்தது.

கடைசியில் 'கதைப்படம்' என்றே எழுதினேன். தலைப்பில் கொள்ளையனின் பெயர் இருக்க, உயிரைக் கொடுத்தவரின் பெயர் எங்கும் இல்லை என்பது உறுத்தியதால், குறிப்புப் பகுதியில் ஒகாவாவையும் 1886ஐயும் சேர்த்தேன். கணினித் தேடலில் குறிப்புப் பகுதி வராது என்பது பல மாதங்கள் கழித்துத்தான் தெரிந்தது.