ஆளில்லாத அரங்கில் ஒரு கச்சேரி

மே 3, 2025, சனி இரவு

ஆங்கில ராக் குழு பிங்க் ஃபிளாய்ட், இத்தாலியில் எரிமலையில் புதைந்த பழைய ரோமானிய ஊரான பாம்பேயின் காலி அரங்கில் வாசித்த கச்சேரிப் படம் புதுப்பிக்கப்பட்டு வந்திருக்கிறது, ஒலிக்கலவையை இசைக்கலைஞர் ஸ்டீவன் வில்சன் மறுபடி செய்திருக்கிறார், சரி, பத்து நிமிஷம் கேட்டுப் பார்ப்போம் என்று ஹெட்ஃபோனோடு உட்கார்ந்தேன். மணி ஒன்றரை. குழுவின் பேஸ் கிட்டார்காரர் ரோஜர் வாட்டர்ஸ் வெயிலில் நின்று அந்தப் பெரிய வெண்கலத் தட்டை அடி அடி என்று அடிக்கிறார், எதிரே கல்படிகள், ஒரு ஈ காக்கை இல்லை. கைதட்டல் வரும் என்று காது தானாகவே காத்திருக்கிறது. வராது.

மே 4, ஞாயிறு

காலையிலும் அதே நினைப்பு. படத்தின் இயக்குநர் ஏட்ரியன் மேபன் முதலில் பாம்பேய்க்குச் சுற்றுலாப் பயணியாகத்தான் போயிருக்கிறார். பாஸ்போர்ட்டைத் தொலைத்துவிட்டுத் தேடிக்கொண்டு சாயங்காலம் திரும்பிப் போனால், காலி அரங்கில் பூச்சிகளின் சத்தம் எதிரொலித்துக் கேட்டிருக்கிறது. படத்துக்கான யோசனை அங்கேதான். பாஸ்போர்ட் தொலைத்தவன் எவனாவது பூச்சிச் சத்தத்தைக் கவனிப்பானா? நானாக இருந்தால் அழுதிருப்பேன்.

1971 அக்டோபரில் படப்பிடிப்பு. இவர்களுடைய கருவிகளுக்கு அங்கே இருந்த மின்சாரம் போதவில்லை, ஊருக்குள்ளிருந்து கேபிள் இழுத்து வருவதற்குள் சில நாட்கள் வீண். அதனால் மூன்று பாட்டுகள்தான் அங்கே வாசித்தவை, மற்றதெல்லாம் பாரிஸ் ஸ்டுடியோவில் எடுத்து ஒட்டியவை. இது தெரிந்தபோது கொஞ்சம் ஏமாற்றமாகத்தான் இருந்தது.

மே 7, புதன்

ஆபீசிலிருந்து வந்ததும் 'ஒன் ஆஃப் தீஸ் டேஸ்' மட்டும். பாட்டு முழுக்க டிரம்ஸ்காரர் நிக் மேசனையே காட்டுகிறார்கள், மற்றவர்களைப் படம் பிடித்த சுருள்கள் தொலைந்துபோனதால் வேறு வழி இல்லை. ஆனால் அந்தத் தொலைந்த சுருளுக்கு நான் நன்றி சொல்வேன். நடுவில் குச்சி ஒன்று கையிலிருந்து நழுவிப் பறக்கிறது, மனிதர் முகம்கூடச் சுளிக்காமல் இன்னொன்றை எடுத்துக்கொள்கிறார், தாளம் இம்மியும் பிசகவில்லை. அதை மட்டும் நான்கு தடவை பின்னால் ஓட்டிப் பார்த்தேன்.

மே 10, சனி

இன்று 2016 ஜூலையில் குழுவின் கிட்டார்காரர் டேவிட் கில்மோர் அதே அரங்கில் தனியாக நடத்திய கச்சேரி. இந்த முறை கூட்டம் உண்டு, லேசர் உண்டு, வாணவேடிக்கையும் உண்டு. வாசிப்பில் குறையே சொல்ல முடியாது. ஆனாலும் பாதியில் நிறுத்திவிட்டேன். பழைய படத்தில் வரும் 'எக்கோஸ்' பாட்டை அங்கே வாசிக்கவில்லை, 2008இல் குழுவின் கீபோர்டுக்காரர் ரிச்சர்ட் ரைட் இறந்தபிறகு கில்மோர் அதைத் தொடுவதில்லை, அவர் இல்லாமல் அந்தப் பாட்டு இல்லை என்று விட்டுவிட்டார்.

அப்புறம் பழைய படத்திலிருந்து 'எக்கோஸ்' மறுபடி போட்டேன். ஒலிபெருக்கிப் பெட்டிகளின் முதுகில் 'பிங்க் ஃபிளாய்ட், லண்டன்' என்று எழுதியிருப்பதைக் காட்டிக்கொண்டே கேமரா நகர்கிறது, ரைட்டும் கில்மோரும் ஒரே குரல்போலச் சேர்ந்து பாடுகிறார்கள். அந்தப் பாட்டு இருக்கும் 'மெடில்' இசைத்தட்டு படப்பிடிப்பின்போது வெளிவரக்கூட இல்லை.