மூன்றாம் இடத்துக்கு ஒரு புள்ளி

மண் தடத்தில் நடக்கும் மோட்டார் சைக்கிள் பந்தயமான ஸ்பீட்வேயின் உலகக் கோப்பை இறுதிப் போட்டி 2012, 2013, 2014 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் ஒரே ஒரு புள்ளி வித்தியாசத்தில்தான் முடிந்தது. சுவீடனின் மோலில்லாவில் டென்மார்க் 40–39 என்று ஆஸ்திரேலியாவை வென்றது. மறு ஆண்டு பிராக் நகரில் போலந்து 41–40 என்று அதே டென்மார்க்கை வீழ்த்தியது. அதற்கடுத்த ஆண்டு போலந்தின் சொந்த மண்ணான பிட்கோஷில் டென்மார்க் 38–37 என்று கணக்கைத் தீர்த்துக்கொண்டது. இதைத் தற்செயல் என்று ஒதுக்கிவிட எனக்கு மனம் வரவில்லை. இந்த விளையாட்டில் அணிப் பட்டத்தைத் தீர்மானிப்பது பெரும்பாலும் முன்னால் பறப்பவர் பெறும் மூன்று புள்ளிகள் அல்ல, பின்னால் புழுதி தின்றுகொண்டு வருபவர் விடாமல் பிடித்துக்கொள்ளும் அந்த ஒற்றைப் புள்ளி என்பதே என் எண்ணம்.

பழக்கமில்லாதவர்களுக்காகச் சற்று விளக்கிவிடுகிறேன். தளர்வான மண் பரப்பிய நீள்வட்டத் தடத்தில் நான்கு வீரர்கள் இடப்பக்கமாகவே திரும்பித் திரும்பி நான்கு சுற்றுகள் ஓட்டுவார்கள். ஏறக்குறைய ஒரு நிமிடத்தில் எல்லாம் முடிந்துவிடும். 500 சிசி ஒற்றை சிலிண்டர் எஞ்சின், மெத்தனால் எரிபொருள், ஒரே ஒரு கியர்; பிரேக் என்பதே கிடையாது. தொடக்கக் கோட்டில் நிற்கும் வீரர், பின்சக்கரம் பதிய வேண்டிய இடத்து மண்ணைப் பூட்ஸ் காலால் கிளறிச் சரிசெய்து, கிளட்சை இறுக்கிப் பிடித்தபடி, எதிரே குறுக்காகக் கட்டிய தொடக்க நாடா மேலெழும் கணத்துக்காகக் காத்திருப்பார். முதல் வளைவில் நால்வரும் கைப்பிடியோடு கைப்பிடி உரசும் நெருக்கத்தில் நுழையும்போது, இரும்புத் தகடு கட்டிய இடது கால் தரையில் தேய, பின்சக்கரம் வெளிப்புறமாக வழுக்கிக்கொண்டே போக, முன்சக்கரத்தை வளைவுக்கு எதிர்த்திசையில் திருப்பி வைத்துத்தான் வண்டியைக் கட்டுப்படுத்த வேண்டும். அந்த வளைவில் பின்தங்கியவர் மீது முன்னால் செல்லும் மூன்று வண்டிகள் வாரி இறைக்கும் மண் முழுவதும் வந்து விழும். அதையும் தாங்கிக்கொண்டு கடைசிச் சுற்றில் ஒருவரை முந்தினால் அவருக்குக் கிடைப்பது ஒரே ஒரு புள்ளி. ஆனால் நான்கு நாடுகள் மோதும் இறுதிப் போட்டியில் அணிக்கு ஒருவர் வீதம் இறங்கும் இருபது பந்தயங்களின் கூட்டுத்தொகைதான் கோப்பையை முடிவுசெய்கிறது என்பதால், அந்தப் புள்ளியின் மதிப்பே வேறு.

இந்தப் போட்டியின் வரலாறு 1960இல் சுவீடனின் யொத்தேபோரி நகரில் தொடங்கியது. முதல் பட்டம் சுவீடனுக்குச் சென்றது. புகழ்பெற்ற வீரர் ஐவன் மேஜர் இடம்பெற்ற நியூசிலாந்து 1979இல் லண்டனில் வென்றதும், 1983 முதல் 1988 வரை டென்மார்க் யாருக்கும் விட்டுக்கொடுக்காமல் ஆண்டதும் அந்தக் காலத்துக் கதைகள். 2001இல் போட்டி உலகக் கோப்பை என்ற புதிய வடிவம் பெற்று, சுவீடனின் ஐந்து முறை தனிநபர் உலகச் சாம்பியனான ஓவே ஃபுண்டின் பெயரிலேயே கோப்பையும் வழங்கப்பட்டது. பின்தங்கிய அணி ஒரு வீரரை 'ஜோக்கர்' ஆக இறக்கி, அவர் எடுக்கும் புள்ளிகளை இரட்டிப்பாக்கிக்கொள்ளும் விதியும் இருந்தது. ஆட்டத்தைக் கடைசிவரை சூடாக வைத்திருந்தது என்று அதைப் புகழ்பவர்கள் உண்டு. உழைத்துச் சேர்த்த முன்னிலையைச் சலுகையால் கரைக்கும் ஏற்பாடாகவே எனக்கு அது பட்டது.

உண்மையான திருப்பம் 2018இல் வந்தது. உலகக் கோப்பைக்குப் பதிலாக 'ஸ்பீட்வே ஆஃப் நேஷன்ஸ்' என்ற ஜோடிப் போட்டியைக் கொண்டுவந்தார்கள். நாட்டுக்கு இரண்டு வீரர்களும், மாற்று ஆளாக 21 வயதுக்கு உட்பட்ட ஓர் இளைஞரும் இருந்தால் போதும். ஒரே பந்தயத்தில் இரண்டு தோழர்கள் இறங்குவதால், ஒருவர் உட்புறத்தை அடைத்து இன்னொருவருக்கு வெளிப்புறத்தில் வழிவிடும் கூட்டு ஓட்டம் உயிர்பெற்றது. பிற்பாடு 3, 2, 1, 0 என்றிருந்த புள்ளி முறையையும் 4, 3, 2, 0 என்று மாற்றினார்கள். முதலிடமும் கடைசி இடமும் பெற்ற ஜோடிக்கு 4 புள்ளிகள், இரண்டாம் மூன்றாம் இடங்களைப் பிடித்த ஜோடிக்கு 5 புள்ளிகள் என்பதால், தனி ஒருவரின் அசுர வேகத்தை விடத் தோழரைத் திரும்பிப் பார்க்கும் பழக்கத்துக்கு அதிக மரியாதை கிடைத்தது. ஆனால் பட்டத்தை முடிவுசெய்தது ஒரே ஓர் இறுதிப் பந்தயம். அதுவரை சேர்த்த புள்ளிகள் அங்கே செல்லாக் காசுதான்.

இந்த மாற்றத்தில் அடிவாங்கிய நாடு போலந்து. 2016, 2017 இரண்டிலும் உலகக் கோப்பையை வென்ற நாடு அது. லீக் ஆட்டங்களுக்கே அரங்குகள் நிறைகின்றன. சுவீடன், டென்மார்க், ஆஸ்திரேலியா, பிரிட்டன் என்று எந்த நாட்டுச் சீருடையில் வருபவரும் அநேகமாக ஏதோ ஒரு போலந்துக் கிளப்பில் சம்பளம் வாங்குபவராகவே இருப்பார். அப்படியிருந்தும் முதல் மூன்று ஆண்டுகள் ரஷ்யாவும், 2021இல் மான்செஸ்டரில் பிரிட்டனும், 2022இல் டென்மார்க்கின் வோயன்ஸில் ஆஸ்திரேலியாவும் பட்டத்தை எடுத்துச் சென்றன. பார்தோஷ் ஸ்மாஷ்லிக் போன்ற உலகச் சாம்பியனை வைத்துக்கொண்டும் 2019 முதல் 2021 வரை போலந்துக்குக் கிடைத்தவை மூன்று வெள்ளிகள். முதல் இருவர் யார் என்று மட்டும் கேட்கும் போட்டியில், நான்காவது வீரரும் தரமானவர் என்பதால் என்ன பயன்?

2023இல் உலகக் கோப்பை திரும்ப வந்தது. சொந்த நாட்டு விராட்ஸ்வாஃப் நகரில் பிரிட்டனைப் பின்தள்ளிப் போலந்து உடனே வென்றது. மறு ஆண்டு மீண்டும் ஜோடிப் போட்டி, பட்டம் பிரிட்டனுக்கு. இரண்டு நல்ல வீரர்களை மட்டுமே கொண்ட நாடுகளுக்கு ஜோடி முறை கதவைத் திறக்கிறது என்பதை ஒப்புக்கொள்கிறேன். இருந்தாலும் ஒரு நாட்டின் ஸ்பீட்வே வலிமையை அளக்க வேண்டுமானால், அதன் நான்காவது வீரர் பதினேழாவது பந்தயத்தில், உட்தடத்து மண் தேய்ந்து வழுக்கும் நேரத்தில், மூன்றாம் இடத்துக்காக எப்படிப் போராடுகிறார் என்பதைத்தான் நான் பார்ப்பேன்.