வைகையின் கடைமடை

வைகை கடலைத் தொடாது என்பார்கள். எங்கள் ராமநாதபுரம் பெரிய கண்மாய் நிரம்பி மறுகால் போனால், ஆற்றங்கரை ஊர்ப் பக்கம் பாக் நீரிணையில் வந்து கலக்கத்தான் செய்கிறது. வருசநாட்டு மலையில் தொடங்கி 250 கிலோமீட்டருக்கு மேல், தேனி, மதுரை, சிவகங்கை எல்லாம் எடுத்தது போக மிச்சம் வரும் தண்ணீர் அது. கண்மாய் பெருகினால் நெல். இல்லையென்றால் மானாவாரி மிளகாய்தான். நம் முண்டு மிளகாய்க்கு 2023-இல் புவிசார் குறியீடே கிடைத்தது.

அப்புறம் கடலுக்கு மீன்பிடிக்கப் போகிறவர்கள். ஆற்றுத் தண்ணீர் வந்து முகத்துவாரத்தில் உப்பு தணிந்தால்தான் இறால் குஞ்சு தேறும். ‘தண்ணீர் வீணாகக் கடலுக்குப் போகிறது’ என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வருகிறது. அது மீன்பிடிக்கிறவர்கள் பங்கு.

ஐப்பசி மழைக்குள், கண்மாய்க்குத் தண்ணீர் கொண்டுவரும் வரத்துக்கால்களில் மண்டிய சீமைக் கருவேலத்தை வெட்டியாக வேண்டும். ஊர்க்கூட்டத்தில் பேசுங்கள், உறவுகளே.